வீடு மகளுக்கு, தவணை யாருக்கு?

மட்டக்களப்பில் பொம்பிளைப் பிள்ளை பிறந்தால் தகப்பன் அடுத்த நாளே சீமெந்துக் கல் அரியத் தொடங்கிவிடுவான் என்று பகிடியாகச் சொல்வதுண்டு. பாதி பகிடி, பாதி உண்மை. இந்த வாவிக் கரை முழுக்க, தமிழரானாலும் முஸ்லிம்களானாலும், வீடு வளவு மகளுக்குத்தான். கலியாணம் முடிந்ததும் மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்கு வருவார். தாயும் தகப்பனும் கொஞ்சக் காலத்தில் பின்வளவில் ஒரு சின்ன வீட்டைப் போட்டுக்கொண்டு ஒதுங்குவார்கள், இல்லாவிட்டால் அடுத்த மகளுக்கென்று கட்டுகிற வீட்டுக்கு நகர்வார்கள். இந்தத் தாய்வழி உரிமையைச் சொல்லும் முக்குவச் சட்டத்தைப் பற்றிப் பிரிட்டோ என்பவர் 1876இலேயே ஒரு நூல் எழுதினார். அக்கரைப்பற்றில் தங்கி ஆராய்ந்த டெனிஸ் மக்கில்வ்ரே 2008இல் வெளியிட்ட தடித்த புத்தகத்திலும் தாய்வழியும் சீதன வீடும் பக்கம் பக்கமாக வருகின்றன. சட்டம் எப்போதோ வழக்கொழிந்து போனது. வீடு கொடுக்கிற வழக்கம் போகவில்லை.

மாறியது கட்டுகிற விதம். முந்தி ஒரு வருடம் அத்திவாரம், அடுத்த போகத்துக்குச் சுவர், வெளிநாட்டில் இருக்கிற மாமா காசு அனுப்பினால் கூரை என்று போகும். தூணில் கம்பி நீட்டிக்கொண்டு பத்து வருடம் நிற்கும். பார்க்க வடிவில்லைதான், ஆனால் யாருக்கும் வட்டி கட்டவில்லை. இப்போது வங்கிக்குப் போகிறோம், எட்டு மாதத்தில் வீடு எழும்புகிறது, தவணை இருபது வருடம் ஓடுகிறது.

போன மாதம் மச்சான் ஒரு கோப்போடு வந்தார். அக்காவின் புருசன். வயது 44, அரச உத்தியோகம். அக்கா ரீச்சர். மூத்தவள் உயர்தரம் படிக்கிறாள், இளையவள் ஆறாம் ஆண்டு. கல்லடிப் பக்கம் அக்காவுக்குச் சீதனமாக வந்த வளவில் ஒரு துண்டு இருக்கிறது. அதில் மேல்மாடியோடு மூத்தவளுக்கு ஒரு வீடு. மதிப்பீட்டுக்காரர் வந்து பார்த்துவிட்டுப் போய்விட்டார். கடன் 50 இலட்சம்.

"மாசம் அம்பத்தஞ்சுதான் மச்சான். ரெண்டு பேரும் உழைக்கிறம். என்ன பெரிய கஷ்டம்?"

எங்கள் ஊரில் கடனைப் பற்றிய பேச்சு முழுக்க இந்த ஒரு கேள்வியில்தான் நிற்கிறது: மாதம் எவ்வளவு? வங்கியில் கேட்டாலும் அதைத்தான் முதலில் சொல்வார்கள், பக்கத்து வீட்டுக்காரரும் அதைத்தான் கேட்பார். கடைசியில் எல்லாமாக எவ்வளவு என்று கேட்கிற ஆளை நான் அதிகம் கண்டதில்லை.

கோப்பில் தவணை அட்டவணை இருந்தது. 240 வரிகள். மாதம், தவணை, வட்டி, முதல், மீதி. வட்டி 12 சதவீதம், குறைந்து செல்லும் மீதியில். முதல் வரியை விரல் வைத்துக் காட்டினேன். தவணை 55,054 ரூபா. அதில் வட்டிக்கு 50,000, முதலுக்கு 5,054. இரண்டாம் மாதம் வட்டி 50 ரூபா குறைகிறது, அவ்வளவுதான். அப்படியே பக்கத்தைப் புரட்டி 60ஆவது வரிக்கு வந்தோம். ஐந்து வருடம் ஒரு மாதம் பிசகாமல் கட்டியாயிற்று, 33 இலட்சம் போயிருக்கிறது. கடன் மீதி 45 இலட்சத்து 87 ஆயிரம். கட்டின 33 இலட்சத்தில் கடனைத் தொட்டது 4 இலட்சத்துச் சொச்சம்.

மச்சான் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு மறுபடியும் பார்த்தார்.

பதினைந்தாவது வருடம் முடிகிற வரிக்குப் போனால் மீதி 24 இலட்சத்து 75 ஆயிரம். அதாவது கடனில் பாதியை அடைக்கவே கிட்டத்தட்டப் பதினைந்து வருடம் எடுக்கிறது. மற்றப் பாதி கடைசி ஐந்து வருடத்தில் மளமளவென்று இறங்கும். எல்லாம் கட்டி முடிந்த அன்றைக்குக் கூட்டிப் பார்த்தால் 1 கோடி 32 இலட்சத்து 13 ஆயிரம். எடுத்தது 50.

இதில் வங்கி யாரையும் ஏமாற்றவில்லை. மீதி எவ்வளவோ அதற்குத்தான் வட்டி. ஆரம்பத்தில் மீதி பெரிசு, வட்டியும் பெரிசு. இதே அட்டவணைதான் உலகம் முழுக்க. ஆனால் இந்தக் கணக்கிலிருந்து நான் ஒரு எண்ணைப் பிடித்து வைத்திருக்கிறேன்: 2.64. பன்னிரண்டு சதவீதத்தில் இருபது வருடத்துக்குக் கடனில் போடுகிற ஒவ்வொரு ரூபாவும் 2 ரூபா 64 சதமாகத் திரும்பிப் போகும். வாசலுக்கு 5 இலட்சத்தில் கேற் போட ஆசைப்பட்டால் அது 13 இலட்சத்துக் கேற். நொத்தாரிசுச் செலவு, முத்திரைத் தீர்வை, காப்புறுதிக் கட்டணம் என்று 2 இலட்சம் வருகிறது, "அதையும் கடனோடயே சேர்த்துப் போடுவம் சேர்" என்று வங்கியில் அன்பாகச் சொன்னால் அது 5 இலட்சத்து 28 ஆயிரம். கையில் இருக்கிற காசை இந்தச் சில்லறைச் செலவுகளுக்குக் கொடுத்துவிடுவது எப்போதும் நல்லது. எங்கள் ஆட்கள் நேர்மாறாகச் செய்வார்கள். கையில் இருக்கிற காசில் வீடு குடிபூருதலைப் பெரிசாக வைத்துவிட்டு, காப்புறுதியைக் கடனில் ஏற்றுவார்கள்.

கால எல்லைக்கு வருகிறேன். மாதத் தவணை கூடிப்போயிற்று என்று முகம் சுளித்தால் 25 வருடமாக நீட்டலாம் என்பார்கள். நீட்டினால் தவணை 52,661. மாதம் 2,393 ரூபா குறைகிறது. மொத்தமாகக் கட்டுவது 1 கோடி 58 இலட்சமாக ஏறுகிறது. மாதம் இரண்டாயிரத்துச் சொச்சம் மிச்சம் பிடிக்க 25 இலட்சத்து 85 ஆயிரம் கூடுதலாகக் கொடுக்கிறோம். எதிர்ப் பக்கம் போனால், 15 வருடத்துக்குத் தவணை 60,008. மாதம் ஐயாயிரம் கூடக் கட்டினால் 24 இலட்சம் மிஞ்சும். வட்டி வீதத்தில் அரை, கால் என்று பேரம் பேச நாலு வங்கி ஏறி இறங்குகிறவர்கள், இந்தக் கால எல்லையை வங்கி அலுவலர் எழுதினபடியே விட்டுவிடுகிறார்கள். எனக்கு இது விளங்குவதே இல்லை.

மட்டக்களப்பில் இந்தக் கால எல்லைக்கு இன்னொரு முகமும் உண்டு. மச்சானுக்கு 44. இருபது வருடம் என்றால் 64. அரச ஊழியருக்கு ஓய்வு 60. (2022இல் 65 ஆக்கினார்கள். அந்த வருடம் முடிவதற்குள்ளேயே 60க்குத் திரும்பிவிட்டது. 65ஐ நம்பிக் கடன் திட்டம் போட்டவர்களை நினைத்தால் பாவமாக இருக்கும்.) வங்கிக்கு இது தெரியும். அதனால் உழைக்கிற பிள்ளையையும் கூட்டுக் கடனாளியாகச் சேருங்கள் என்பார்கள். பிள்ளை இன்னும் உழைக்கவில்லை என்றால் நாளைக்கு மருமகன். தகப்பன் கொடுத்த சீதன வீட்டுக்கு மருமகன் தவணை கட்டுகிற காலம் வந்துவிட்டது என்று சொன்னால் பழைய ஆட்கள் சிரிப்பார்கள். சம்பந்தம் பேசப் போகிற இடத்தில் இப்போது நேரடியாகவே கேட்கிறார்கள்: "வீட்டில ஈடு ஏதும் கிடக்கா?"

கிடந்தால் சீதன உறுதியும் சிக்கல். கடன் முடியும்வரை உறுதி வங்கியின் பெட்டிக்குள். வங்கியின் சம்மதம் இல்லாமல் மகளின் பேரில் மாற்ற முடியாது. மகளின் பேரில் முன்னமே எழுதிவிட்டால், ஈடு வைக்க அவளே நொத்தாரிசுக்கு முன்னால் கையெழுத்து வைக்க வேண்டும். இருபது வயதுப் பிள்ளை, அதுவரை ஒரு வங்கிக் கணக்கைக்கூட ஒழுங்காகப் பாவித்திருக்க மாட்டாள், கடன் தகவல் பணியகத்தில் அவள் பெயர் ஏறிவிடும். நாளைக்கு அவள் வேறொன்றுக்குக் கடன் கேட்கப் போனால் இதுதான் முதலில் தெரியும். இதுவும் வீட்டின் விலைதான், அட்டவணையில் எந்த நிரலிலும் வராது.

இதெல்லாம் உறுதிக்காணி உள்ளவர்களின் கவலை. வாவிக்கு மேற்கே, படுவான்கரையில், நிறையப் பேரிடம் இருப்பது அனுமதிப்பத்திரக் காணி. தலைமுறையாக இருந்து உழுதாலும் வங்கி அதை லேசில் ஈட்டுக்கு எடுக்காது. எழுவான்கரையிலும் இடப்பெயர்வில், சுனாமியில் உறுதியைத் தொலைத்துவிட்டுப் பதிவகத்துக்கு அலைந்தவர்கள் உண்டு. இவர்களுக்கு மலிவான நீண்ட காலக் கடன் எட்டாது. நகையை அடைவு வைப்பார்கள், லீசிங் கம்பனிக்குப் போவார்கள், குழுக் கடன் எடுப்பார்கள். போருக்குப் பிறகு இந்திய உதவி வீட்டுத் திட்டத்தில் ஒரு வீட்டுக்கு 5 இலட்சத்து 50 ஆயிரம் கொடுத்தார்கள். நல்ல உதவி. ஆனால் அந்தக் காசில் வீட்டை முடிக்க முடியாமல் கூரைக்கும் பூச்சுக்கும் கடன்பட்ட குடும்பங்கள் எத்தனையோ. நுண்கடன் பெண்களை எந்த அளவுக்கு நெருக்கியதென்றால், 2018இல் வறட்சி பாதித்த 12 மாவட்டங்களில் 1 இலட்சத்துக்கு உட்பட்ட கடன்களை அரசே பொறுப்பேற்க வேண்டி வந்தது. அதில் மட்டக்களப்பும் ஒன்று.

அந்தக் கடன்களில் இன்னொரு பொறி இருக்கும். "12 சதவீதம்தான்" என்பார்கள். மீதியில் அல்ல, எடுத்த முழுத் தொகையில். 10 இலட்சத்துக்கு ஐந்து வருடம் அப்படி வட்டி போட்டால் 6 இலட்சம் வட்டி, மாதம் 26,667. முதல் பாதி கட்டி முடிந்த பிறகும் முழுக் கடனுக்கும் வட்டி அறவிடுகிறார்கள் என்பதால் உண்மையான வீதம் 20ஐத் தாண்டிவிடும். ஆகவே எந்த இடத்தில் வீதம் சொன்னாலும் அது எதன் மேல் என்று கேட்க வேண்டும். காத்தான்குடி, ஏறாவூர்ப் பக்கத்து நண்பர்கள் வட்டியில்லா இஸ்லாமிய வங்கி முறையில் எடுப்பதைப் பற்றிக் கேட்பார்கள். அமானா வங்கி 2011இலிருந்து நடக்கிறது. அதில் வங்கியும் நீங்களும் வீட்டில் பங்காளிகள், நீங்கள் வாடகை கொடுத்தபடி வங்கியின் பங்கைக் கொஞ்சம் கொஞ்சமாக வாங்குகிறீர்கள். மார்க்கக் கேள்வி வேறு, அதில் நான் வாய் வைக்க மாட்டேன். காசுக் கேள்வி ஒன்றேதான்: கடைசி மாதம் முடிய எல்லாமாக எவ்வளவு?

இதுவரை சொன்னதில் ஒரு பொய் இருக்கிறது. 12 என்று எழுதினால் இருபது வருடமும் 12ஆகவே நிற்கும் என்று வைத்துக் கணக்குப் பார்த்தோம். அமெரிக்காவில் 30 வருடத்துக்கும் ஒரே வீதத்தைப் பூட்டி வைக்கலாம். இங்கே முதல் சில வருடத்துக்குத்தான் நிலையான வீதம், பிறகு சந்தையோடு ஏறி இறங்கும். வங்கிகள் தங்கள் மிக நம்பிக்கையான வாடிக்கையாளருக்குக் கொடுக்கிற சராசரி வீதத்தை மத்திய வங்கி வாராவாரம் வெளியிடுகிறது. உங்கள் கடன் கடிதத்தில் "அதற்கு மேல் இத்தனை" என்று ஒரு வரி இருக்கும். 2021 தொடக்கத்தில் அந்தச் சராசரி 6 சதவீதத்துக்கும் கீழே கிடந்தது. 2022 ஏப்ரல் 8ஆம் திகதி மத்திய வங்கி கொள்கை வீதங்களை ஒரே நாளில் 7 சதவீதப் புள்ளி உயர்த்தியது. வருட முடிவில் சராசரி 27ஐத் தாண்டிவிட்டது.

9 சதவீதத்தில் 50 இலட்சம் எடுத்தவருக்கு 20 வருடத் தவணை 44,986. வீதம் 24க்குப் போனால் அந்த 50 இலட்சத்துக்கு வட்டி மட்டும் மாதம் 1 இலட்சம். அவர் கட்டிக்கொண்டிருந்த தவணை வட்டியில் பாதிக்கும் காணாது. பெற்றோலுக்கும் காஸுக்கும் வரிசையில் நின்ற அதே மாதங்களில்தான் வீதம் மாறிய கடிதங்களும் வந்தன. தவணையைக் கூட்டாமல் காலத்தை நீட்டித் தாருங்கள் என்று கேட்டவர்கள், அல்லது சில மாதத்துக்கு ஒத்திவைத்தவர்கள், அப்போதைக்கு மூச்சு விட்டார்கள். ஒத்திவைத்த தவணைக்கும் வட்டி ஓடிக்கொண்டுதான் இருந்தது.

அதே காலத்தின் மறுபக்கத்தையும் சொல்லாவிட்டால் கணக்கு ஒருபக்கச் சாய்வாகிவிடும். 2020 முடிவில் சம்பளக்காரருக்கென்று வீட்டுக் கடன் வட்டிக்கு மத்திய வங்கி 7 சதவீத உச்சவரம்பு போட்டது, முதல் ஐந்து வருடத்துக்கு. அதில் எடுத்துக் கட்டியவர்கள் 7 கட்டிக்கொண்டிருக்க, 2022 செப்டெம்பரில் பணவீக்கம் 70 சதவீதத்தைத் தொட்டது. ஆயிரம் ரூபா விற்ற சீமெந்துப் பை மூவாயிரத்துக்குப் போனது. கடன் வேண்டாம், மெல்ல மெல்லக் கட்டுவம் என்று கம்பி நீட்டி விட்டிருந்தவர்கள்தான் அந்த முறை தோற்றார்கள். கடன் வாங்கிக் கட்டி முடித்தவர் வென்றார். அந்த ஐந்து வருடம் முடிந்து அவர்களின் வீதமும் இப்போது சந்தையோடு நகர்கிறது, அது வேறு கதை. கடன் எடுப்பதே பிழை என்று நான் சொல்ல வரவில்லை. எடுக்கிற நாளில் யாராலும் முழு விலையைச் சொல்ல முடியாது. ஆகையால், வீதம் இன்னும் 5 புள்ளி ஏறினாலும் நம்மால் கட்ட முடியுமா என்று ஒரு தரம் போட்டுப் பார்த்துவிட்டுத்தான் கையெழுத்து வைக்க வேண்டும்.

சுவிஸில் இருக்கிற சின்னம்மாவின் மகன் தொலைபேசியில் சிரிக்கிறான். "இஞ்ச ஒருத்தரும் வீட்டுக் கடன முழுசா முடிக்கிறதில்ல. நீங்க ஏன் அவசரப்படுறீங்க?" அவன் சொல்வது சரி. அங்கே வீட்டு விலையில் மூன்றில் இரண்டு பங்குக்கு மேற்பட்ட கடனைத்தான் அடைத்தாக வேண்டும், மிச்சத்துக்கு வட்டி மட்டும் கட்டிக்கொண்டு இருந்துவிடலாம். அவனுடைய வட்டி ஒன்று, இரண்டு சதவீதம். பன்னிரண்டில் அப்படி இருந்தால் எங்கள் பேரப்பிள்ளையும் கட்டும்.

காப்புறுதியில் இரண்டு விசயம். ஆயுள் காப்புறுதி பெரும்பாலும் ஒரு ஆளின் பேரில்தான் போடுவார்கள். அக்காவின் சம்பளத்தையும் சேர்த்துத்தான் 50 இலட்சம் தருகிறார்கள் என்றால் அக்காவுக்கும் அது வேண்டும். மற்றது வீட்டுக் காப்புறுதி. தீயை மட்டும் எழுதியிருந்தால் இந்தக் கரைக்கு அது காணாது. 1978 நவம்பர் 23ஆம் திகதிச் சூறாவளியில் கூரை பறந்ததைப் பார்த்தவர்கள் இன்னும் இருக்கிறார்கள். 2004 டிசெம்பர் 26இல் நாவலடியில் வீடு இருந்த இடமே தெரியவில்லை. வீடு அள்ளுண்டு போனாலும் கடன் போகாது. வெள்ளம், சூறாவளி, சுனாமி மூன்றும் எழுத்தில் இருக்கிறதா என்று பார்க்கச் சொன்னேன். மச்சான் தேடினார். வெள்ளம் மட்டும் இருந்தது.

தவணை தவறினால் என்ன நடக்கும் என்று கேட்டார். 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டம் வங்கிக்கு ஒரு அதிகாரம் கொடுக்கிறது. நீதிமன்றத்துக்குப் போகாமலே பணிப்பாளர் சபை தீர்மானம் எடுத்து, ஈட்டுச் சொத்தை ஏலத்தில் விடலாம். பராட்டே என்பார்கள். பொருளாதார நெருக்கடிக்குப் பிறகு வியாபாரிகள் சத்தம் போட்டதில் 2024இல் அதைத் தற்காலிகமாக நிறுத்தி வைத்தார்கள். தற்காலிகமாகத்தான்.

சரி, என்ன செய்யலாம்? மச்சானுக்குக் கொக்கட்டிச்சோலைப் பக்கம் தகப்பன் வழியில் கொஞ்சம் வயல் இருக்கிறது, குத்தகைக்கு விட்டிருக்கிறார். பெரும்போகம் வெட்டினதும் ஒரு தொகை வரும். அது இத்தனை காலமும் சித்திரை வருசத்துக்குள் கரைந்துபோகிற காசு. அதிலிருந்து வருடத்துக்கு ஒரேயொரு தவணையைக் கூடுதலாகக் கட்டினால் 20 வருடக் கடன் பதினைந்தரை வருடத்துக்குள் முடியும். மிச்சம் 20 இலட்சத்துக்கு மேல். நம்ப முடியாமல் கணிப்பானில் இரண்டு முறை தட்டிப் பார்த்தார். ஆனால் சும்மா கணக்கில் போட்டுவிட்டு வந்தால் அது அடுத்த மாதத் தவணைக்கான முற்பணமாகக் கிடக்கும். முதலில் கழிக்கச் சொல்லி எழுத்தில் கொடுத்து, புது அட்டவணையைக் கையோடு வாங்க வேண்டும். அப்படி முந்திக் கட்டுவதற்குத் தண்டக் கட்டணம் உண்டா, எத்தனை வீதம் என்று கையெழுத்து வைக்க முதலே கேட்டுவிட வேண்டும். கடிதம் பத்துப் பக்கம், முழுக்க ஆங்கிலம். இந்த வரி எட்டாம் பக்கத்தில் இருந்தது. அரச ஊழியருக்கு வட்டியில் ஒரு பங்கை அரசு பொறுக்கிற ஆதனக் கடனும் இருக்கிறது. அதை முழுதாகப் பாவித்துவிட்டு மிச்சத்துக்கு வங்கியிடம் போவதுதான் முறை. மச்சான் அதைப் பற்றி அலுவலகத்தில் இன்னும் விசாரிக்கவே இல்லை.

இரவு பத்து மணிபோல அக்காவும் வந்து உட்கார்ந்தாள். மேல்மாடியை எடுத்துவிட்டால் 35 இலட்சத்தில் வீடு முடியும் என்று மேசன் முன்னமே சொல்லியிருக்கிறார். 35 இலட்சம், 15 வருடம். தவணை 42,006, மொத்தம் 75 இலட்சத்து 61 ஆயிரம். மச்சானின் 59ஆவது வயதில் முடியும். இளையவளுக்கும் ஏதாவது செய்ய வேண்டுமே என்ற கேள்வி அந்த மேசையில் அதுவரை யாரும் வாய் திறந்து கேட்காத கேள்வி. மாதம் 13 ஆயிரம் மிஞ்சுகிறது என்றதும் அதுவும் வெளியே வந்தது.

"மறுகா மேல கட்டுறதெண்டா படிய இப்பவே வைக்கோணும் எண்டு மேசன் சொல்லுறான்," என்றார் மச்சான். "ரெண்டு இலட்சம் வரும். 37 எண்டு கேப்பமா?"

அக்கா கணிப்பானைத் தன் பக்கம் இழுத்தாள். "அந்த ரெண்டு இலட்சத்தக் கொண்டுபோய்க் கடன்ல போடாதீங்க. சித்திரையில எனக்குச் சீட்டு விழும். அதில கட்டுவம்."